அறிவிப்புப் பலகையில் நான்காவது தேதி: மாநில ஆட்சிக்குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மாநில ஆட்சிக்குழுவின் மாண்புமிகு உறுப்பினர்களுக்கும், மாநில நில, கனிம வள இயக்குநர் அவர்களுக்கும், மாநிலச் சட்ட ஆலோசகர் அவர்களுக்கும்,

இவ்வாண்டு தைப்பூசம் முடிந்த மறுவாரம், மலேசியக் கடற்கரையிலுள்ள எங்கள் ஊரில், கடல்நீரைத் தடுக்கும் பண்டின் (மண்கரையின்) முனையில் நிற்கும் திட்ட அறிவிப்புப் பலகையில் புதிதாக ஒரு வெள்ளைத் தாள் ஒட்டப்பட்டிருந்தது. 'தாரிக் சியாப்' என்ற சொற்களுக்கு எதிரே, கடலைத் தூர்க்கும் வேலை முடியும் நாளாக 31 டிசம்பர் 2027 என்று அதில் அச்சிட்டிருந்தார்கள். உப்புக்காற்றில் தாளின் ஒரு மூலை அதற்குள் எழும்பியிருந்தது. நகத்தால் மெல்லத் தூக்கிப் பார்த்தேன். அடியில் 31 டிசம்பர் 2024 இருந்தது. அதற்கும் அடியில், மஞ்சளாகிப்போன இன்னொரு தாளில் 31 டிசம்பர் 2021 இருந்தது. எல்லாவற்றுக்கும் அடியில், பலகையின்மேலேயே கறுப்புப் பெயிண்டில் எழுதிய முதல் தேதி, 31 டிசம்பர் 2019, பாதி உரிந்த நிலையில் தெரிந்தது. நான்கையும் கைப்பேசியில் படம் பிடித்து வைத்திருக்கிறேன்.

மூன்றாண்டில் முடிப்பதாகச் சொல்லி 2017 ஜனவரியில் தொடங்கிய வேலை இது. நான்காவது தேதியை ஏற்றுக்கொண்டால் அது பதினோராண்டு வேலையாகிவிடும். இந்த நீட்டிப்புகளில் ஒன்றைப் பற்றிக்கூட எங்கள் ஊரில் எவருக்கும் முன்கூட்டியோ, முடிவெடுத்த பின்னரோ ஒரு வரி எழுதி அனுப்பப்படவில்லை. எங்களுக்கு அறிவிப்பு என்று கிடைத்ததெல்லாம் அந்த ஒட்டுத்தாள்கள்தான்.

நான் இவ்வூர்த் தோட்டத்தில் 31 ஆண்டுகள் கிராணியாக (எழுத்தராக) இருந்து ஓய்வு பெற்றவன். ஊரின் பெயரையோ நிறுவனத்தின் பெயரையோ இங்கே குறிப்பிடவில்லை. எங்கள் மனுக்களில் அவை இருக்கின்றன. கோப்பு எண் தங்களிடம் இருக்கிறது. தனி ஒருவரைக் கூண்டிலேற்றுவது என் நோக்கமன்று. அனுமதி கொடுக்கும்போது ஒரு கெடுவை விதித்துவிட்டு, அந்தக் கெடு முடிந்ததும் எங்களைக் கேட்காமலேயே அதை அழித்தெழுதும் வழக்கத்தைப் பற்றி, அப்படி அழித்தெழுதியதை எதிர்த்து நீதிமன்றம் போனால் 'காலம் கடந்து வந்தீர்கள்' என்று அதே அரசாங்கம் எங்களைத் திருப்பி அனுப்பும் முறையைப் பற்றி, இனியும் பேசாமலிருக்க முடியாது என்பதால் எழுதுகிறேன்.

கெடு என்பது கோப்பிலுள்ள ஓர் எண் மட்டும்தானே, இரண்டாண்டு கூடினால் என்ன குறைந்துவிடும் என்று நகரத்தில் இருப்பவர்களுக்குத் தோன்றலாம். எங்கள் கரையில் அதன் பொருள் வேறு. மேற்குக் கரையில் சேற்றுநிலத்தைப் பண்டு கட்டி மீட்டு உருவாக்கிய செம்பனைத் தோட்டங்களைப் போலவே எங்கள் தோட்டமும் பெரிய ஏற்றத்தின்போது கடல்மட்டத்துக்குத் தாழ்ந்து கிடப்பது. உள்ளே பெய்யும் மழைநீர் முழுவதும் வாய்க்கால்கள் வழியாக ஓடிவந்து, பண்டிலுள்ள மதகைத் தாண்டித்தான் கடலுக்குள் இறங்க வேண்டும். நாங்கள் அதை வாட்டர்கேட் என்போம். அதன் கதவு கடல் பக்கமாகத் திறக்கும் ஒரு தொங்கு கதவு. கடல் ஏறும்போது வெளித்தண்ணீரின் அழுத்தத்தில் தானே மூடிக்கொள்ளும். வற்றம் வந்ததும் உள்தண்ணீர் தள்ளத் தானே திறந்துகொள்ளும். மோட்டாரும் கிடையாது, மின்சாரமும் கிடையாது. கதவுக்கு வெளியே அது அசைவதற்கு இடம் இருந்தால் போதும்.

அந்த வாட்டர்கேட்டைக் காத்தவர் என் தகப்பனார். மதகுக்கு வெளியே கடலில் ஊன்றிய ஒரு மரக்கம்பத்தில் அடிக்கு ஒரு கோடாக வெள்ளைப் பெயிண்டால் அவர் அடையாளமிட்டு வைத்திருந்தார். அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் விடியுமுன் எழுந்து, டார்ச் விளக்கைக் கம்பத்தின்மேல் அடித்துக் கோடுகளை எண்ணிவிட்டு வந்துதான் காப்பி குடிப்பார். அவர் காலத்தில் கடல் முழுக்க வற்றினால் ஏழு கோடுகள் தெரியும். நான் சிறுவனாக அவர் பின்னால் நின்று எண்ணியிருக்கிறேன். அதே கம்பம், இரண்டுமுறை மாற்றப்பட்டபோதும் அதே இடத்தில், அதே அளவில், இன்றும் நிற்கிறது. சென்ற மாதப் பௌர்ணமியன்று வற்றத்தில் போய் எண்ணினேன். மூன்று கோடுகள்தான் தெரிகின்றன. மீதி நான்கும் சேற்றுக்குள் இருக்கின்றன.

அந்தச் சேறு எங்கிருந்து வந்தது என்பதற்கு ஆராய்ச்சி எதுவும் தேவையில்லை. கடலைத் தூர்க்கும் வேலையில் மணலைக் கொட்டுவது முதல் பாதி. கொட்டிய மணலைச் சுற்றிக் கல்லணை கட்டி, அலை அரிக்காமல் மூடுவது இரண்டாம் பாதி. எங்கள் கரையில் முதல் பாதி நடந்தது. இரண்டாம் பாதி நடக்கவேயில்லை. கடலுக்குள் நீட்டிக்கொண்டு கிடக்கும் அந்த மணல்திட்டை ஒவ்வொரு ஏற்றமும் கொஞ்சம் கரைத்து எடுத்துக்கொண்டு போகிறது. முன்பு கரையோரமாக ஓடிய நீரோட்டத்தைத் திட்டு மறித்துக்கொண்டிருப்பதால், கரைந்த மண்ணும் ஆற்றுவாயிலிருந்து வரும் வண்டலும் போக வழியின்றி எங்கள் மதகின் வாயில் வந்து படிகின்றன. வேலை தொடங்கிய காலத்தில் மிதக்கவிட்ட மண் தடுப்புத் திரை கிழிந்து, அதன் மிதவைகள் பாக்காவ் எனும் சதுப்புநில மரங்களின் வேர்களில் சிக்கிக் கிடக்கின்றன. திட்டின் உச்சியில் ரூ (சவுக்கு) மரக்கன்றுகள் முளைத்து ஆளுயரம் வளர்ந்துவிட்டன. ஓட்டுநர் இல்லாமல் விட்டுப்போன ஒரு மண்வாரி இயந்திரம் அங்கேயே துருப்பிடித்து நிற்கிறது. நான் குறித்து வைத்திருக்கும் நாட்குறிப்பின்படி, இந்த எட்டு ஆண்டுகளில் இயந்திரங்கள் உண்மையில் ஓடியது மொத்தமாகப் பதினான்கு மாதங்களுக்கும் குறைவு.

பாதியில் நிற்கும் தூர்ப்பு, கடலைவிடக் கேடு. முடிந்த நிலத்தையும்விடக் கேடு. கடலாக இருந்தால் நீரோட்டம் இருக்கும். முடிந்த நிலமாக இருந்தால் கல்லணை இருக்கும். இரண்டும் இல்லாத நிலை இத்தனை நாளுக்குமேல் நீடிக்கக்கூடாது என்பதற்காகத்தான் அனுமதியில் கெடு விதிக்கப்படுகிறது என்று நான் புரிந்துகொண்டிருக்கிறேன். அந்தக் கெடுவைத் தாங்கள் நிறுவனத்துக்கு விதித்தீர்கள் என்பது உண்மை. ஆனால் அதன் பலன் எங்களுக்கு உரியது. அதைத் தளர்த்துவதாக இருந்தால் எங்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டும்.

தீபாவளியை ஒட்டிய மழைக்காலத்தில் வந்து பார்த்தால் தங்களுக்கே விளங்கும். உள்ளே தண்ணீர் நிறைந்து நிற்கும். வெளியே கடல் வற்றிக் கிடக்கும். நடுவில் கதவு சேற்றில் புதைந்து, ஒரு சாண் மட்டும் திறந்து நின்றுவிடும். சென்ற நவம்பரில் பழைய லயத்து வீடுகளில் மூன்று நாள் முழங்காலளவு தண்ணீர் நின்றது. தமிழ்ப்பள்ளி இரண்டு நாள் மூடப்பட்டது. பண்டை ஒட்டிய நான்கு வரிசைச் செம்பனைகளின் மட்டைகள் உப்புத் தண்ணீரால் நுனியிலிருந்து காய்ந்துகொண்டு வருகின்றன. தோட்ட நிருவாகம் மரத்தை இழந்தால் வேறு மரம் நடும். கரையில் கூடு வைத்து நண்டு பிடித்து மூன்று பிள்ளைகளைப் படிக்கவைத்த எங்கள் ஊர் அக்கா, இப்போது வற்றத்தில் இறங்கினால் தொடை வரை சேற்றில் புதைகிறார். சென்ற ஆண்டு ஒருநாள் ஏற்றம் திரும்பும் நேரத்தில் அவரை இருவர் கயிறு போட்டு இழுத்தெடுத்தோம். பதினொரு படகுகள் நின்ற துறையில் இப்போது நான்கு நிற்கின்றன. அந்த நான்கில் இரண்டு மலாய்க்காரர்களுடையவை, ஒன்று சீனருடையது, ஒன்று எங்களவருடையது. இதை இனப் பிரச்சினையாக யாரும் திருப்பிவிடக் கூடாது என்பதற்காகவே குறிப்பிடுகிறேன். எங்கள் மனுவில் முதல் கையெழுத்துப் போட்டவர் அந்தப் படகுத்துறையின் மூத்தவரான பாக் சிக்தான்.

கெடு என்றால் என்ன என்பதை எங்களுக்குச் சொல்லிக்கொடுத்ததும் இந்த அரசாங்கம்தான் என்பதைத் தாங்கள் நினைவில் கொள்ள வேண்டும். தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களில் பலர் அரசு நிலத்தில் டி.ஓ.எல். எனப்படும் தற்காலிகக் குடியிருப்பு உரிமத்தில் இருப்பவர்கள். அது ஒவ்வோர் ஆண்டும் டிசம்பர் 31ஆம் நாளோடு முடிந்துவிடும். எனக்கும் வாழை போட்ட சிறு துண்டு நிலத்துக்கு அப்படி ஓர் உரிமம் இருந்தது. ஓராண்டு டெங்கிக் காய்ச்சலில் மருத்துவமனையில் கிடந்ததால் புதுப்பிக்கும் பணத்தை 19 நாள் தாமதமாகக் கொண்டுபோனேன். முகப்பிடத்தில் இருந்த பெண் மரியாதையாகத்தான் பேசினார். ஆனால் என் கண்ணெதிரே தாளை எடுத்து, சிவப்பு மையில் 'தாமாட் தெம்போ', அதாவது காலாவதி, என்று முத்திரை குத்தித் திருப்பித் தந்தார். மருத்துவமனைச் சீட்டைக் காட்டினேன். தேதி தேதிதான், அங்கிள், என்றார். அதே போல, நிலம் ஒப்புதலாகி, அதற்கான பணத்தைக் கட்டச் சொல்லும் 5ஏ பாரம் கையில் வந்த பிறகும், அதில் குறித்த தவணைக்குள் பிரிமியம் கட்ட முடியாததால் ஒப்புதலே காலாவதியாகி, இருபதாண்டுக் காத்திருப்பு ஒரே நாளில் போன இரண்டு குடும்பங்கள் எங்கள் தெருவிலேயே இருக்கின்றன. சட்டம் அப்படி என்றால் நாங்கள் ஏற்றுக்கொள்கிறோம். அதே அதிகாரம் வேறொரு கோப்பில் மூன்றுமுறை தேதியைத் தள்ளிவைப்பதைக் காணும்போது, ஏன் என்று கேட்கும் உரிமை எங்களுக்கு உண்டு.

முதல் நீட்டிப்புக்குப் பெருந்தொற்று காரணம் என்று பின்னர் ஒரு கூட்டத்தில் வாய்மொழியாகச் சொல்லப்பட்டது. நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை தொடங்கியது 2020 மார்ச் 18. முதல் கெடு முடிந்தது 2019 டிசம்பர் 31. நடுவில் 78 நாட்கள் இருக்கின்றன. அந்த 78 நாட்களில் எந்த அனுமதியின்பேரில் அந்த மணல் அங்கே கிடந்தது என்று நாங்கள் எழுத்துமூலம் கேட்ட கேள்விக்கு இன்றுவரை பதில் வரவில்லை. நோய்க்காலத்தில் வேலை நின்றதை நான் குறை சொல்லவே மாட்டேன், தோட்டத்திலும் நின்றது. நோய் வருமுன்னே செத்துப்போன ஒரு கெடுவுக்கு நோயைக் காரணம் காட்டியதைத்தான் ஏற்க முடியவில்லை.

இனி நீதிமன்றத்தில் நடந்ததற்கு வருகிறேன். இரண்டாவது நீட்டிப்பின் ஒட்டுத்தாளை நாங்கள் பார்த்தது 2022 ஜூன் மாதம். பார்த்த வாரத்திலேயே, 'பலகையில் 2024 என்று ஒட்டியிருக்கிறார்களே, இது அதிகாரபூர்வமான முடிவா, யார் எடுத்தது, எந்த நாளில் எடுத்தது' என்று கேட்டு 43 குடும்பங்கள் கையெழுத்திட்டுக் கடிதம் அனுப்பினோம். பதில் வந்தது நவம்பரில். ஆம், நீட்டிப்பு முந்தைய ஆண்டே அங்கீகரிக்கப்பட்டுவிட்டது என்று இரண்டு வரி. அதை வாங்கிக்கொண்டு வழக்கறிஞரிடம் போய், கோயிலிலும் படகுத்துறையிலும் வசூல் செய்து, டிசம்பரில் உயர்நீதிமன்றத்தில், அரசாங்க முடிவு சட்டப்படி சரியா என்று பார்க்கும் நீதித்துறை மறுஆய்வுக்கு அனுமதி கோரினோம்.

2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53ஆம் கட்டளை, இத்தகைய மனு உடனடியாகவும், எப்படியிருப்பினும் மனுவுக்கான காரணம் எழுந்த நாளிலிருந்தோ முடிவு மனுதாரருக்கு முதலில் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்தோ மூன்று மாதத்துக்குள்ளும் தாக்கல் செய்யப்பட வேண்டும் என்கிறது. முன்பு அது நாற்பது நாளாக இருந்தது. தக்க காரணம் இருந்தால் நீதிமன்றம் காலத்தை நீட்டிக்கலாம் என்றும் அதே விதி சொல்கிறது. எங்களுக்கு முடிவு தெரிவிக்கப்பட்டது நவம்பரில் வந்த கடிதத்தில்; ஆகவே நாங்கள் நேரத்தோடு வந்திருக்கிறோம் என்பது எங்கள் வழக்கறிஞரின் வாதம். அரசாங்கத் தரப்பு எழுந்து, குடியிருப்பாளர்களுக்கு ஜூன் மாதமே தெரியும், இதோ அவர்கள் எழுதிய கடிதம் என்று நாங்கள் அனுப்பிய கடிதத்தையே நீட்டியது. உண்மையா என்று கேட்டு எழுதிய கடிதம், எங்களுக்கு எல்லாம் தெரியும் என்பதற்குச் சாட்சியமாகிவிட்டது. அந்தக் கடிதத்தை ஐந்து மாதம் பதிலின்றி வைத்திருந்தவர்கள்தாம் அந்த ஐந்து மாதத்தையும் எங்கள் தாமதமாகக் கணக்கிட்டுக் காட்டினார்கள்.

மனு அனுமதி நிலையிலேயே தள்ளுபடியானது. நீதிபதியை நான் குறை கூறவில்லை. அவர் முன் வைக்கப்பட்ட தடையை விதியின்படி பரிசீலித்தார். மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போக எங்களிடம் பணம் இல்லை. ஆனால் ஒன்றைத் தாங்கள் மறக்கக்கூடாது: அந்த நீட்டிப்பு சட்டப்படி சரியா, எந்தக் காரணத்தின்பேரில் கொடுக்கப்பட்டது, கல்லணை கட்டாததை யாரேனும் கவனித்தார்களா என்ற கேள்விகளை எந்த நீதிமன்றமும் இன்றுவரை பரிசீலிக்கவில்லை. அரசாங்கம் வென்றது நாள்காட்டியை வைத்து மட்டுமே.

எங்களுக்கு முன்பே இந்த வழியில் போய்த் திரும்பியவர்கள் உண்டு. பகாங், ரவூப் அருகே புக்கிட் கோமான் மக்கள், தங்கச் சுரங்கத்தில் சயனைடு பயன்படுத்தப்படுவதை எதிர்த்து 2008இல் நீதிமன்றம் போனார்கள். அதன் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிக்கை 1997இலேயே அங்கீகரிக்கப்பட்டிருந்தது. நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் வரை சென்றும், காலவரம்பு நீதிமன்றத்தின் அதிகாரத்தையே தொடும் விஷயம் என்ற அடிப்படையில் 2013இல் அவர்களுடைய மேல்முறையீடு தள்ளுபடியானது. தெரியாமல் இருந்த மக்களுக்கும் கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும் என்பதை நாங்கள் அந்த வழக்கிலிருந்துதான் தெரிந்துகொண்டோம். மக்களுக்கு நேரத்தோடு தெரிந்தால் என்ன நடக்கும் என்பதற்குப் பினாங்கு சாட்சி. தெற்குப் பினாங்கு கடல் தூர்ப்புத் திட்டத்தின் தாக்க மதிப்பீட்டறிக்கை 2019இல் 72 நிபந்தனைகளோடு அங்கீகரிக்கப்பட்டபோது, மீனவர்கள் உரிய காலத்தில் மேல்முறையீட்டு வாரியத்துக்குப் போனார்கள். 2021 செப்டம்பர் 8ஆம் நாள் வாரியம் அந்த அங்கீகாரத்தை ரத்து செய்தது. பிறகு புதிய அறிக்கை வந்தது, திட்டம் சுருங்கியது, வேலையும் தொடங்கியது. அந்தத் திட்டத்தைப் பற்றி யார் என்ன நினைத்தாலும், மீனவர்கள் சொன்னதைக் கேட்ட பிறகுதான் அடுத்த முடிவு எடுக்கப்பட்டது என்பதை மறுக்க முடியாது.

எங்களுக்கு அந்த வாய்ப்பும் கிடைக்கவில்லை. 2015ஆம் ஆண்டின் தாக்க மதிப்பீட்டு ஆணைப்படி, 50 ஹெக்டேரும் அதற்கு மேலும் கடலைத் தூர்க்கும் திட்டங்கள் இரண்டாம் அட்டவணையில் வருகின்றன. அவற்றின் அறிக்கைகள் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட வேண்டும். எங்கள் கரையில் அனுமதிக்கப்பட்ட பரப்பு அந்த அளவுக்குச் சற்றே குறைவு. அது சட்டத்துக்கு உட்பட்டதுதான் என்று வைத்துக்கொண்டாலும், தொடக்கத்தில் எங்களிடம் கேட்காததற்கு இருந்த அந்தக் காரணம், மூன்றாண்டு வேலை பதினோராண்டாக நீளும்போதும் எப்படிப் பொருந்தும்? சிறிய திட்டம் என்பதாலும் விரைவில் முடியும் என்பதாலும் விலக்குப் பெற்ற ஒன்று, இப்போது பெரிய திட்டங்களைவிட நீண்ட காலம் எங்கள் கடலை மறித்துக்கொண்டிருக்கிறது.

கெடு தவறிய திட்டத்தை அரசாங்கத்தால் கேள்வி கேட்க முடியாது என்றும் சொல்லிவிட முடியாது. 2014இல் பெரும் விழாவாகத் தொடங்கிய மலாக்கா கேட்வே என்னும் கடல் தூர்ப்புத் திட்டத்தை, ஒப்புக்கொண்ட காலத்துக்குள் வேலை முடியவில்லை என்று கூறி மலாக்கா மாநில அரசாங்கம் 2020 நவம்பரில் ரத்து செய்தது. அதற்குப் பின் நடந்தவை இங்கே நமக்குத் தேவையில்லை. கெடுவைக் கெடுவாக நடத்த ஒரு மாநிலத்துக்கு அதிகாரம் உண்டு என்பதை நாடு முழுவதும் பார்த்தது, அது போதும். சாதாரண மேம்பாட்டுக்கான திட்டமிடல் அனுமதிகூட, நீட்டிப்புப் பெறாமல் பன்னிரண்டு மாதத்துக்குள் வேலையைத் தொடங்காவிட்டால் காலாவதியாகும் என்று 1976ஆம் ஆண்டின் நகர், கிராமத் திட்டமிடல் சட்டம் சொல்கிறது. கரையும் கடலடி நிலமும் 99 ஆண்டுக்கு மேல் எவருக்கும் கொடுக்கப்படக் கூடாது என்று தேசிய நிலச் சட்டம் வரம்பு வைத்திருக்கிறது. நிலத்தைப் பற்றிய நம் சட்டங்கள் எல்லாவற்றிலும் காலம் ஒரு நிபந்தனையாக நிற்கிறது.

நீட்டிப்பு வழங்குவது ஆட்சிக்குழுவின் விருப்ப அதிகாரம் என்று ஓர் அதிகாரி எங்களிடம் சொன்னார். 1979இல் ஸ்ரீ லெம்பா வழக்கில், அதுவும் ஒரு நில அலுவலக முடிவைப் பற்றிய வழக்குதான், பின்னாளில் பேராக் சுல்தானாகவும் நாட்டின் மாமன்னராகவும் விளங்கிய ராஜா அஸ்லான் ஷா வழங்கிய தீர்ப்பை அவர் படித்திருக்க வேண்டும். வரம்பற்ற விருப்ப அதிகாரம் என்பதே முரண்பாடு, சட்டம் தந்த ஒவ்வோர் அதிகாரத்துக்கும் சட்டபூர்வ எல்லை உண்டு என்று அதில் அவர் தெளிவாகச் சொல்லியிருக்கிறார். அந்த எல்லையை ஒரு நீதிபதி பார்த்துச் சொல்வதற்காகத்தான் நாங்கள் நீதிமன்றப் படியேறினோம். கதவு திறக்குமுன் காலத்தைக் காட்டி மூடியது தங்கள் தரப்பு.

இத்திட்டத்தை ஒரேயடியாக ரத்து செய்யுங்கள் என்று நான் இங்கே கேட்கவில்லை. ஊரில் அப்படிக் கேட்பவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் கோபம் நியாயமானது. ஆனால் இன்று ரத்து செய்துவிட்டு, மணல்திட்டை அப்படியே விட்டுப்போனால் எங்கள் மதகின் வாயில் இன்னும் ஓர் அடி சேறு ஏறுமே தவிர ஒரு கோடும் வெளியே வராது. ஆகவே கீழ்க்கண்டவற்றைத்தான் கேட்கிறோம்.

31 டிசம்பர் 2027 என்ற புதிய தேதியை அங்கீகரித்த முடிவின் முழு நகலை, அதை எடுத்தவர் யார், எடுத்த நாள் எது, காரணம் என்ன, இணைத்த நிபந்தனைகள் எவை என்ற விவரங்களோடு, இம்மடல் வெளியான 14 நாட்களுக்குள் எங்கள் குடியிருப்பாளர் குழுவுக்கு எழுத்துமூலம் தர வேண்டும். அப்படி ஒரு முடிவே எடுக்கப்படவில்லை என்றால், அந்த ஒட்டுத்தாளை ஒட்டியவர் யார் என்பதை அறிவித்து அதை அகற்ற வேண்டும். முடிவு எடுக்கப்பட்டிருந்தால், எங்கள் ஊர் மண்டபத்தில் மலாயிலும் தமிழிலும் சீனத்திலும் விளக்கிப் பொதுமக்கள் சொல்வதைக் கேட்டுப் பதிவு செய்யும்வரை அதை நடைமுறைப்படுத்தக் கூடாது.

மாநிலச் சட்ட ஆலோசகர் அவர்களிடம் தனியாக ஒரு வேண்டுகோள். முடிவைத் தெரிந்துகொள்ள மக்கள் எழுதிக் கேட்டு, அரசாங்கம் பதில் தரத் தாமதித்த நாட்களை மக்களின் தாமதமாகக் காட்டித் தடை எழுப்புவதில்லை என்று தாங்கள் எழுத்துமூலம் உறுதியளிக்க வேண்டும். காலத்தை நீட்டிக்க நாங்கள் விண்ணப்பிக்க நேர்ந்தால் தாங்கள் அதை எதிர்க்கக் கூடாது. காலவரம்பு அதிகாரத்தையே தொடும் விஷயம் என்பதால் தங்கள் தயவை மட்டும் நம்பி நாங்கள் இருக்க முடியாது என்பதும் எங்களுக்குத் தெரியும். எனவே ஒவ்வொரு நீட்டிப்பும் தனியான, புதிய முடிவு என்றும், அது பாதிக்கப்படும் ஊருக்குக் கடிதம் மூலம் தெரிவிக்கப்பட்ட நாளே 'முதலில் தெரிவிக்கப்பட்ட நாள்' என்றும் ஆட்சிக்குழு தன் நடைமுறையில் எழுதி வைக்க வேண்டும். அந்த அறிவிப்பு பெங்குலு (வட்டாரத் தலைவர்) அலுவலகம், பள்ளிவாசல், கோயில்கள், படகுத்துறை ஆகிய இடங்களில் ஒட்டப்பட வேண்டும். திட்டப் பலகையில் புதிய தேதி எழுதும்போது பழைய தேதியை மறைக்கக் கூடாது. எல்லாத் தேதிகளும் ஒன்றன்கீழ் ஒன்றாகத் தெரிய வேண்டும்.

மூன்றாவது கோரிக்கை, எங்களைப் பொறுத்தவரை மிக அவசரமானது. இவ்வாண்டு தீபாவளி மழைக்கு முன், மதகின் வாயிலிருந்து ஆழமான நீர் வரைக்கும் படிந்திருக்கும் சேறு நிறுவனத்தின் செலவில் அள்ளப்பட வேண்டும். வடிகால், நீர்ப்பாசனத் துறை அதை மேற்பார்வையிட வேண்டும். ஏற்கெனவே கொட்டிய மணலைச் சுற்றிக் கல்லணை கட்டி முடிப்பதா, மணலை அகற்றுவதா என்பதை ஜூன் மாத இறுதிக்குள் முடிவு செய்து அறிவிக்க வேண்டும். அதற்கு முன் ஒரு லாரி மணல்கூடப் புதிதாகக் கொட்ட அனுமதிக்கக் கூடாது. வேலை தொடங்கிய நாள் முதல் சமர்ப்பிக்கப்பட்ட சுற்றுச்சூழல் கண்காணிப்பு அறிக்கைகள் அனைத்தையும் எங்கள் பார்வைக்குத் தர வேண்டும். கம்பத்தில் தெரியும் கோடுகளை மாதம் இருமுறை குறிக்கும் என் நாட்குறிப்பைத் தங்கள் பொறியாளர்களோடு பகிர்ந்துகொள்ள நான் ஆயத்தமாக இருக்கிறேன்.

புதிய ஒட்டுத்தாளை நாங்கள் பார்த்த நாளைக் குடியிருப்பாளர் குழுவின் குறிப்பேட்டில் பதிந்து, எழுவர் கையெழுத்திட்டு, சத்தியப் பிரமாண ஆணையர் முன்னிலையில் உறுதிமொழியும் எடுத்து வைத்திருக்கிறோம். விளக்கம் கேட்டு அனுப்பிய கடிதம் பதிவஞ்சலில் மூன்றாம் நாளே தங்கள் அலுவலகம் வந்து சேர்ந்ததற்கான ரசீது கையில் இருக்கிறது. வழக்கறிஞருக்கான வசூலையும் மீண்டும் தொடங்கிவிட்டோம். மூன்று மாதக் கணக்கில் இன்று 19ஆம் நாள்.

இப்படிக்கு,
கடற்கரைப் பண்டுக் குடியிருப்பாளர்கள் சார்பில்,
ஓய்வுபெற்ற தோட்டக் கிராணி, வாட்டர்கேட் காவலரின் மகன்